திரும்பி வராத மகனின் ஊர்

பிரான்சு நாட்டுத் திருத்தலங்கள் என்றவுடன் லூர்து நகரும், லிசியே நகரும், சார்த்தர் பேராலயமும், ஆர்ஸ் நகரப் பங்குக் கோவிலுமே நம் வாசகர்களின் நினைவுக்கு வரும். இப்பகுதியில் நாமும் பெரும்பாலும் அத்தகைய பேர்பெற்ற இடங்களைப் பற்றியே எழுதி வந்துள்ளோம். இம்மாதம், பெயரைக் கூடப் பலர் கேள்விப்பட்டிராத ஓர் உழவர் சிற்றூருக்கு வாசகர்களை அழைத்துச் செல்ல விழைகிறோம். அவ்வூரின் பெயர் அமெத். பிரான்சின் வடகோடியில், பா-து-கலே என்னும் மாநிலப் பிரிவில், அர்த்துவா எனப் பழங்காலந்தொட்டு வழங்கும் நிலப்பகுதியில் அது அமைந்துள்ளது. ஊரின் மக்கள்தொகை ஐந்நூறைக் கூட எட்டாது.

அர்த்துவா மலைநாடு அன்று, சமவெளியும் அன்று. மெல்ல ஏறி மெல்ல இறங்கும் மேட்டு நிலம். அடியில் வெண்மையான சுண்ணாம்புப் பாறை. அதன்மேல் ஆழமான வளமண். கோதுமையும், உருளைக்கிழங்கும், சர்க்கரை எடுக்கும் பீட் கிழங்கும், நார்த்துணி நெய்வதற்கான ஆளிச் செடியும் அங்கே விளைகின்றன. மேடுகளுக்கு இடையே உள்ள தாழ்ந்த மடிப்புகளில் சிற்றோடைகள் ஓடும்; ஓடை இருக்கும் இடத்தில் ஊர் இருக்கும். அமெத்தின் வழியே ஓடுவது நாவ் என்னும் ஓடை. ஊரின் மேட்டில் புனித சுல்பீசியாரின் பெயர் தாங்கிய பங்குக் கோவில். கீழே, சரிவில், ஒரு குடியானவர் வீடு. இவ்விரண்டுமே அமெத்தின் முழுச் சொத்து என்று சொல்லிவிடலாம். அரண்மனையோ கோட்டையோ பெரும் போர் நிகழ்ந்த களமோ அவ்வூரின் பெயரால் விளங்கவில்லை.

அந்த வீட்டைப் பற்றிச் சற்று விரிவாகவே எழுத வேண்டும். ஏனெனில் அத்தகைய வீடுகள் இன்று அருகிவிட்டன. அர்த்துவாப் பகுதியில் நல்ல கட்டடக்கல் எளிதிற் கிட்டுவதன்று. அங்குக் கிடைக்கும் வெண்கல் மிருதுவானது; மழையிலும் உறைபனியிலும் உதிரும். ஆகவே கோவிலுக்குக் கல், குடியானவனுக்கு மண் என்பதே பழைய நாளின் ஏற்பாடு. தூண்களையும் உத்திரங்களையும் மரத்தால் நிறுத்துவர். அவற்றின் இடையே வரிச்சுகளைக் குறுக்காகக் கட்டுவர். நறுக்கிய வைக்கோலைக் களிமண்ணோடு கலந்து, காலால் மிதித்துப் பதப்படுத்தி, அவ்வரிச்சுகளின் இருபுறமும் அப்புவர். அது காய்ந்தபின் மேலே சுண்ணாம்பு பூசுவர். தரையை ஒட்டிய அடிப்பகுதியில் ஈரம் ஏறாதிருக்கும்பொருட்டுத் தார் தடவும் வழக்கமும் உண்டு. அதனால் அந்நாட்டின் பழைய வீடுகள் வெண்ணிற மேனியும் கறுப்புக் கரையுமாகத் தோற்றமளிக்கும்.

மண்சுவரின் குணம் வாசகர்களுள் பலருக்குத் தெரிந்ததே. மனிதர் அதில் வாழ்ந்து, ஆண்டுதோறும் விரிசலை அடைத்து, சுண்ணாம்பு அடித்து வரும்வரை அது நூற்றாண்டுகள் நிற்கும். நான்கு மாரிக்காலம் கவனிப்பாரின்றி விட்டால் வந்த இடத்திற்கே, மண்ணுக்கே, திரும்பிவிடும். கற்கோவிலைக் கட்டிவிட்டு மறந்துவிடலாம். மண்வீட்டை மறத்தல் இயலாது. 18-ம் நூற்றாண்டில் அர்த்துவாவில் இருந்த மண்வீடுகளில் மிகப் பெரும்பாலானவை மறைந்துவிட்டன. அமெத்தின் சரிவிலுள்ள வீடு மட்டும் இன்றும் நிற்கின்றதென்றால், இருநூறு ஆண்டுகட்கு மேலாக யாரோ ஒருவர் அதன் சுவரைத் தடவிக் கொடுத்துக்கொண்டே இருந்திருக்கிறார் என்பதே பொருள்.

அவ்வாறு அவர்கள் காத்துவந்ததற்குக் காரணம் 1748-ம் ஆண்டு மார்ச் 26-ம் நாள் அவ்வீட்டில் பிறந்த ஒரு குழந்தை. தந்தையின் பெயர் ழான் பப்தீஸ்த் லாபர். தாயின் பெயர் ஆன் பார்ப் கிரான்சீர். பிள்ளைகள் பதினைவர், அவர்களுள் மூத்தவன் இவன். பிறந்த மறுநாளே ஞானஸ்நானம் பெற்றான். தந்தையின் சகோதரரான குருவானவரே ஞானத் தந்தையானார். இட்ட பெயர் பெனுவா ழோசெப். நம் முன்னோர் வழக்கில் சொல்வதாயின் ஆசீர்வாதம் சூசை. திருச்சபை இன்று அவரைப் புனித பெனடிக்ட் ஜோசப் லாபர் என வணங்குகிறது. ஏப்ரல் 16-ம் நாள் அவரது திருநாள்.

லாபர் குடும்பம் வறுமையில் வாடிய குடும்பம் அன்று. பெரிய செல்வமும் இல்லை. ஆனால் உண்ணவும் உடுக்கவும், பிள்ளைகளைப் படிக்க வைக்கவும் போதிய நிலமும் உழைப்பும் இருந்தன. பின்னாளில் பிச்சையெடுத்த புனிதர் பிச்சைக்காரரின் மகன் அல்லர் என்பதை வாசகர்கள் மனத்தில் இருத்த வேண்டும். பதினைந்து பிள்ளைகளுள் மூத்தவனிடம் ஓர் உழவர் குடும்பம் எதை எதிர்பார்த்திருக்கும் என்று நாம் சொல்ல வேண்டுவதில்லை. ஏர் பிடித்துத் தந்தைக்குத் தோள் கொடுக்க வேண்டும். அல்லது குருவாகிக் குடும்பத்திற்குப் பெருமை சேர்க்க வேண்டும். பெனடிக்டுக்கு இரண்டாம் வழி திறந்தது. பன்னிரண்டாம் வயதில், எரேன் என்னும் ஊரில் பங்குக் குருவாயிருந்த அதே சிற்றப்பாவின் இல்லத்திற்கு இலத்தீன் கற்க அனுப்பப்பட்டான்.

இலத்தீன் இலக்கணத்தில் தொடக்கத்தில் நன்கு தேறிய சிறுவனின் மனம், போகப்போகச் சிற்றப்பாவின் நூலகத்திலிருந்த பிரசங்க நூல்களின் பக்கம் சாய்ந்தது. குறிப்பாக, கண்பார்வை இழந்தவராயினும் ஊர் ஊராய்ச் சென்று போதித்த லெ ழேன் என்னும் ஓரத்தோரியன் சபைக் குருவின் பிரசங்கங்கள் அவனை ஆட்கொண்டன. பாடத்தில் நாட்டம் குறைந்தது. தனிமையையும் தவத்தையும் நாடினான். கடுந்தவ மடங்களுள் மிகக் கடுமையானதாகப் பெயர் பெற்ற லா திராப் மடத்தில் சேர விரும்பினான். பெற்றோரும் சிற்றப்பாவும் இதனை ஏற்கவில்லை.

1766-ல் எரேன் ஊரில் கொடிய கொள்ளைக் காய்ச்சல் பரவியது. சிற்றப்பாவான பங்குக் குரு வீடு வீடாகச் சென்று நோயாளிகளுக்கு அவஸ்தைப் பூசுதல் அளித்தார். பதினெட்டு வயது பெனடிக்டும் உடன் சென்று, நோயாளிகளைக் கவனித்தான். அதோடு, வீட்டார் அனைவரும் படுக்கையில் விழுந்துவிட்ட குடும்பங்களின் ஆடுமாடுகளுக்குத் தீனியிட்டு, நீர் காட்டி, தொழுவங்களைப் பார்த்துக்கொண்டான். புனிதரின் வாழ்வில் நம்மை மிகவும் கவர்ந்த நிகழ்ச்சி எதுவெனில், பிற்கால அற்புதங்கள் எவற்றையும் விட இதனையே கூறுவோம். நோயுற்ற உழவனுக்குத் தன் உயிரைப் பற்றிய கவலை ஒரு பங்கென்றால், தொழுவத்தில் கத்தும் பசுவைப் பற்றிய கவலை இன்னொரு பங்கு. அதனை அறிந்தவன் உழவன் மகன் ஒருவனே. அக்கொள்ளை நோயில் சிற்றப்பா உயிர் துறந்தார். பெனடிக்ட் அமெத்துக்குத் திரும்பினான்.

அதன்பின் வந்த நான்கு ஆண்டுகள் தோல்விகளின் வரலாறு. இதனை அழகுபடுத்திச் சொல்ல நாம் விரும்பவில்லை. லோங்கனெஸ் கர்த்தூசியர் மடத்தில் இடம் கிட்டவில்லை. நூவில் ஊர்க் கர்த்தூசியர் மடத்தில், சங்கீதமும் தர்க்கமும் கற்று வருமாறு சொல்லித் திருப்பினர். பின்னர்ச் சேர்த்துக்கொண்டும், ஆறு வாரங்களில் வெளியே அனுப்பினர். லா திராப் மடத்திற்குக் கடுங்குளிரில் நடந்தே சென்றான். வயது போதாது என்றும் உடல் வலிமை போதாது என்றும் மறுத்துவிட்டனர். இறுதியில் 1769-ம் ஆண்டின் கடைசி மாதங்களில், பிரான்சின் நடுப்பகுதியிலுள்ள ஸெத்ஃபோன் மடத்தில் நவசந்நியாசியாக ஏற்கப்பட்டான். அங்கே மனச்சஞ்சலமும், இல்லாத பாவத்தை எண்ணி நடுங்கும் நோயும் அவனை வாட்டின, உடலும் வீழ்ந்தது. 1770-ம் ஆண்டு ஜூலைத் திங்களில் அங்கிருந்தும் வெளியேறினான். அப்போது வயது இருபத்திரண்டு. மடத்தார் அளித்த பழைய அங்கி ஒன்றே அவன் கண்ட பலன்.

நம் குடும்பங்களில் ஒரு மகன் குருமடத்திலிருந்து திரும்பி வந்தால் ஊர் எவ்வாறு பேசும் என்பது யாவரும் அறிந்ததே. அமெத்தும் ஊர்தானே? ஒரு மடத்திலிருந்து அன்று. மடத்திற்குப் பின் மடம். பெனடிக்ட் ஊருக்குத் திரும்பவில்லை.

அவர் பெற்றோருக்கு எழுதிய இரு கடிதங்கள் வரலாற்றில் நிலைத்துள்ளன. முதற்கடிதம் 1769-ம் ஆண்டு அக்டோபர் 2-ம் நாள் மோன்த்ரய் நகரிலிருந்து எழுதப்பட்டது. கர்த்தூசியர் தம்மை ஏற்கவில்லை என்றும், லா திராப் மடத்திற்குச் செல்வதாகவும் அதில் அறிவிக்கிறார். தம்பி தங்கையரின் படிப்பையும் ஞானக் காரியங்களையும் கவனிக்குமாறு பெற்றோரை வேண்டுகிறார். அவர்களுள் தமக்கு ஞானமகனான தம்பியைத் தனியே குறிப்பிடுகிறார். இரண்டாம் கடிதம் 1770-ம் ஆண்டு ஆகஸ்டு 31-ம் நாள் இத்தாலியின் பியத்மோந்துப் பகுதியிலுள்ள கியேரி நகரிலிருந்து வந்தது. தாம் அவர்களுக்கு விளைவித்த துன்பத்திற்கு மன்னிப்பும், அவர்களது ஆசீரும் கேட்டு எழுதியிருந்தார். அதற்குப்பின் கடிதம் இல்லை. பன்னிரண்டு ஆண்டுகட்கும் மேலாக அந்த மண்வீட்டிற்கு மகனைப் பற்றிய சொல் ஒன்றும் அவர் கையெழுத்தில் வரவில்லை.

புனிதர் வரலாறுகளை எழுதுவோர் இவ்விடத்தை விரைந்து கடந்து விடுகின்றனர். உலகைத் துறந்தார், உறவைத் துறந்தார் என்று ஒரே வரியில் முடித்துக் கொள்கின்றனர். துறந்தவருக்கு அது ஒரு வரியாக இருக்கலாம். துறக்கப்பட்ட வீட்டிற்கு அது பன்னிரண்டு அறுவடைகள். இறைவனின் அழைப்பை நாம் ஐயுறவில்லை. ஆயினும், அமெத்திலுள்ள அவ்வீட்டைக் காண்போர், புனிதர் பிறந்த இடம் என்று வணங்குவதோடு, ஒரு தாயும் தந்தையும் காத்திருந்த இடம் என்றும் நினைத்தல் தகும். புனிதரின் தியாகத்தில் ஒரு பங்கை, கேட்காமலேயே, அவர்கள் கொடுத்தார்கள்.

அந்த ஆண்டின் பயணத்தில் நிகழ்ந்ததாகச் சொல்லப்படும் ஒன்றை இங்கே குறிப்பிடாமல் செல்லுதல் இயலாது. ஸெத்ஃபோனை விட்டுத் தென்கிழக்கே நடந்தபோது, லியோன் நகருக்கு அருகே தார்தில்லி என்னும் ஊரில், ஏழைகளுக்கு எப்போதும் கதவு திறக்கும் ஓர் உழவர் வீட்டில் பெனடிக்ட் ஓரிரவு தங்கினார். சூடான கூழும் வைக்கோற் படுக்கையும் அளித்த அந்த வீட்டுத் தலைவரின் பெயர் பியேர் வியான்னி. பதினாறு ஆண்டுகட்குப்பின் அவருக்கு ஒரு பேரன் பிறந்தான். அவரே ஆர்ஸ் நகரப் பங்குக் குரு புனித மரிய வியான்னி. அமெத் உழவர் வீடு இழந்த மகனுக்குத் தார்தில்லி உழவர் வீடு ஓர் இரவுச் சோறிட்டது.

அதன்பின் அவரது வாழ்வைச் சுருங்கச் சொல்வோம். அது அமெத்தின் வரலாறு அன்று. லொரேத்தோ, அசிசி, பாரி, சுவிட்சர்லாந்தின் ஐன்சீதெல்ன், திரு இருதய பக்திக்குப் பேர்பெற்ற பரே-ல-மோனியால், சந்தியாகப்பரின் கொம்பொஸ்தெலா என ஐரோப்பாவின் திருத்தலங்களுக்கெல்லாம் நடந்தார். கழுத்தில் செபமாலை, மார்பில் பாடுபட்ட சுரூபம், பையில் புதிய ஏற்பாடு, கிறிஸ்துநாதர் அநுசாரம், கட்டளைச் செபப் புத்தகம். வேறு உடைமை இல்லை. வாய் திறந்து பிச்சை கேட்டதில்லை. கொடுத்தது கூடுதலாயின் மற்றொரு ஏழைக்குக் கொடுத்துவிடுவார். பரதேசி என்னும் நம் சொல் பிறநாட்டிற்குச் செல்லும் வழிப்போக்கனையும் குறிக்கும்; இரந்துண்பவனையும் குறிக்கும். இரு பொருளும் ஒருங்கே பொருந்தியவர் அவர். 1777-ம் ஆண்டு முதல் பெரும்பாலும் உரோமையிலேயே இருந்தார். கொலோசெயம் என்னும் பாழடைந்த பழைய அரங்கின் சுவர்ப் பொந்தில் இரவைக் கழித்தார். நாற்பது மணி ஆராதனை எந்தக் கோவிலில் நடைபெறுகிறதோ அங்கே முழந்தாளில் இருப்பார். உரோமை மக்கள் அவரை நாற்பது மணி நேர ஏழை என்றழைத்தனர்.

1783-ம் ஆண்டு ஏப்ரல் 16, பெரிய வாரத்தின் புதன்கிழமை. மோந்தி மாதா கோவில் படிகளில் மயங்கி விழுந்தார். சக்கரெல்லி என்னும் இறைச்சிக் கடைக்காரர் தம் வீட்டிற்குத் தூக்கிச் சென்றார். அன்று மாலையே உயிர் பிரிந்தது, வயது முப்பத்தைந்து. புனிதர் இறந்துவிட்டார் என்று தெருப்பிள்ளைகள் கூவிக்கொண்டு ஓடினர். உயிர்த்த ஞாயிறன்று அதே மாதா கோவிலில் அடக்கம் செய்தபோது கூட்டத்தை அடக்கப் படைவீரர் தேவைப்பட்டனர். அவருடைய ஆன்ம குருவான மார்க்கோனி என்னும் குரு, அடுத்த மூன்று மாதங்களுக்குள் 136 அற்புதக் குணங்களைக் குறித்து வைத்தார். அப்போது உரோமையில் தங்கியிருந்த பாஸ்டன் நகரத்துச் சீர்திருத்தச் சபைப் போதகர் ஜான் தேயர் இவற்றை ஏளனம் செய்தவர். நேரில் விசாரித்துப் பார்த்தபின் அதே ஆண்டில் கத்தோலிக்கரானார். குருவாகித் தம் சொந்த நகருக்கே திரும்பிப் பணியாற்றினார்.

இவ்வாறாக, மகன் எங்கே இருக்கிறான் என்பதறியாத ஊருக்கு, மகன் புனிதன் என்னும் செய்தி உரோமையிலிருந்து வந்தது. அமெத் அப்போது பூலோன் மறைமாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. அங்கும் விசாரணை நடைபெற்றது. சிறுவனாக அவரை அறிந்தோர் சாட்சி கூறினர். ஆனால் 1789-ல் பிரெஞ்சுப் புரட்சி வெடித்தது. மடங்கள் மூடப்பட்டன, குருக்கள் சிதறினர். பூலோன் மறைமாவட்டமே 1801-ம் ஆண்டு உடன்படிக்கைக்குப்பின் இல்லாதொழிந்து, அராஸ் மறைமாவட்டத்தில் இணைந்தது. இதில் ஒரு வியப்பு உண்டு. பூலோன் மறைமாவட்டமும் பழமையானதன்று. அமெத்தின் அருகே தெருவான் என்னும் பழம்பெரும் ஆயர் நகரம் இருந்தது. அதனை 1553-ல் ஐந்தாம் சார்லஸ் பேரரசர் தரைமட்டமாக்கியதால், அதன் பகுதிகளைக் கொண்டு உண்டாக்கப்பட்டவற்றுள் ஒன்றே பூலோன். ஆயர் நகரம் அழிந்தது. ஆயர்பீடம் இடம் மாறியது. பின் அதுவும் மறைந்தது. மேட்டிலுள்ள பங்குக் கோவிலும் சரிவிலுள்ள மண்வீடும் இருந்த இடத்திலேயே இருந்தன.

1860-ல் பாப்பரசர் ஒன்பதாம் பத்திநாதர் பெனடிக்டுக்கு முத்திப்பேறு பட்டம் அளித்தார். 1881-ம் ஆண்டு டிசம்பர் 8-ம் நாள் பாப்பரசர் பதின்மூன்றாம் சிங்கராயர் புனிதர் பட்டம் வழங்கினார். பிரான்சில் அக்காலம் எத்தகையது என்பதை நோக்க வேண்டும். பள்ளிகளிலிருந்து ஞானோபதேசத்தை விலக்கும் சட்டங்கள் அப்போதுதான் வந்துகொண்டிருந்தன. அறிவியல், முன்னேற்றம், சுகாதாரம் என்பனவே படித்தோரின் மந்திரங்கள். அத்தருணத்தில், குளியாதவரும் பேன் பிடித்தவருமான ஒரு பிச்சைக்காரரைத் திருச்சபை பீடத்தில் ஏற்றியதைப் பலர் நகைத்தனர். நகைத்தோரை நாம் முற்றிலும் குறை கூறோம். அழுக்கு புண்ணியம் அன்று, அதனைப் பின்பற்றுமாறு நம் பிள்ளைகளுக்கு எவரும் சொல்லப் போவதுமில்லை. ஆயினும் உழைக்காதவன் மனிதனல்லன் என்று கருதத் தொடங்கிய ஒரு நூற்றாண்டின் முன்னே, ஒன்றுக்கும் உதவாதவன் என்று எல்லா மடங்களும் திருப்பியனுப்பிய ஒருவரை நிறுத்தியது சிறிய துணிவன்று.

அமெத்தின் பங்குக் கோவில் 16-ம் நூற்றாண்டைச் சேர்ந்தது. புனிதர் ஞானஸ்நானம் பெற்ற தொட்டியும், அவர் உரோமையில் உயிர் துறந்த வைக்கோற் படுக்கையும் அங்குப் பேணப்படுகின்றன. வெள்ளியும் பொன்னும் இழைத்த திருப்பண்டப் பேழைகளை எத்தனையோ பேராலயங்களில் காணலாம். ஓர் இறைச்சிக் கடைக்காரர் வீட்டு வைக்கோல் ஆல்ப்ஸ் மலை கடந்து ஓர் உழவர் ஊருக்கு வந்து சேர்ந்த கதை வேறெங்கும் இல்லை. கோவிலுக்கும் கீழுள்ள வீட்டிற்கும் இடையே சிலுவைப்பாதை நிலைகள் அமைந்துள்ளன. யாத்திரிகர் செபித்துக்கொண்டே அச்சரிவில் இறங்கலாம்.

யாத்திரிகர் இன்றும் வருகின்றனர். இங்கிலாந்தின் காந்தர்பரியிலிருந்து உரோமை வரை, ஏறத்தாழ 2000 கிலோமீட்டர் நீளமுள்ள பிரான்சீஜெனாப் பாதை என்னும் பழைய யாத்திரை வழி உண்டு. காந்தர்பரி பேராயர் சிஜெரிக் கி.பி. 990-ல் உரோமையிலிருந்து திரும்பியபோது தங்கிய இடங்களைக் குறித்து வைத்தமையால் அவ்வழி அறியப்பட்டது. 1994-ல் ஐரோப்பிய அவை அதனைப் பண்பாட்டு வழியாக அறிவித்தது. தோளில் மூட்டையுடன் அப்பாதையில் நடப்போர் தெருவானுக்குத் தெற்கே அமெத்தைக் கடக்கின்றனர். இவர்களுள் செபமாலை பிடித்தோர் சிலரே. நடையின் இன்பத்திற்காக வருவோரே பலர். எவராயினும், உரோமைக்கு நடந்தே சென்று திரும்பாதவரின் வாசலை மிதித்தே செல்கின்றனர்.

அமெத்தின் சுற்றுப்புறம் கண்ட மாறுதல்களைச் சொல்லி முடியாது. சில கிலோமீட்டர் கிழக்கே 19-ம் நூற்றாண்டின் நடுவில் நிலக்கரிச் சுரங்கங்கள் தோன்றின. உழவர் மக்கள் சுரங்கத்திற்கு இறங்கினர். ஒரு நூற்றாண்டுக்கு மேல் பிரான்சையே சூடேற்றிய அப்படுகையின் கடைசிச் சுரங்கம் 1990-ம் ஆண்டு டிசம்பரில் மூடப்பட்டது. கரிக்கழிவு மலைகளும் தொழிலாளர் குடியிருப்புகளும் 2012 முதல் உலகப் பாரம்பரியச் சின்னமாக யுனெஸ்கோவின் பட்டியலில் உள்ளன. 1914-18 போரின் முன்னணி அதற்கும் சற்று அப்பால் ஓடியது. பெத்தூன் நகரின் நடுப்பகுதி பாழானது. நூவ்-ஷாபெல் ஊரில் 1915 மார்ச்சில் நம் இந்தியப் படைவீரர் பலர் மாண்டனர். அவர்களது நினைவு மண்டபத்தை இன்றும் அங்கே காணலாம். அமெத் இவற்றுக்கெல்லாம் ஓரத்தில் நின்று உழுதுகொண்டிருந்தது.

இனி, வாசகர் பலருக்கும் வியப்பளிக்கும் ஒரு செய்தி. அமெத்தின் பங்குக் கோவில் மறைமாவட்டத்திற்குச் சொந்தமானதன்று. 1905-ம் ஆண்டு டிசம்பர் 9-ம் நாள் பிரான்சு நாடு அரசையும் திருச்சபையையும் பிரித்துச் சட்டம் இயற்றியது. அதன்பின் வந்த ஏற்பாட்டின்படி, அன்றிருந்த பங்குக் கோவில்கள் அந்தந்த ஊராட்சியின் உடைமையாயின. 1907-ம் ஆண்டுச் சட்டத்தால் வழிபாட்டிற்குப் பயன்படுத்தும் உரிமை மட்டும் குருவுக்கும் மக்களுக்கும் உண்டு. கூரை ஒழுகினால் கவலைப்பட வேண்டியவர் ஆயர் அல்லர், ஊராட்சித் தலைவர். அவர் கோவிலுக்கு வருபவராயிருக்கலாம், வராதவராயும் இருக்கலாம். ஐந்நூறு பேரின் வரிப்பணத்தில் பள்ளிக்கூடம், சாலை, தெருவிளக்கு ஆகியவற்றோடு நானூறு ஆண்டுப் பழமையான மணிக்கூண்டையும் அவர் பார்த்தாக வேண்டும்.

பிரான்சில் ஏறத்தாழ முப்பத்தையாயிரம் ஊராட்சிகள் உள்ளன. அவற்றுள் மிகப் பல அமெத்தைப் போன்றவை. எல்லா ஊராட்சித் தலைவராலும் இச்சுமையைத் தாங்க முடிவதில்லை. அதே வடபகுதியிலுள்ள அபெவில் நகரின் புனித சந்தியாகப்பர் கோவில் 2013-ல் இடித்துத் தள்ளப்பட்டது. பல்லாண்டுகள் செப்பனிடாததால் அது ஆபத்தான நிலையை எட்டியிருந்தது. லீல் நகரில் புனித சூசையப்பர் சிற்றாலயம் 2021-ல் இடிக்கப்பட்டது. சிற்றூர்ப் பாரம்பரியத்தைக் காக்க 2018 முதல் பரிசுச் சீட்டு நடத்தி நிதி திரட்டும் நிலைக்கும் அந்நாடு வந்துள்ளது. 2019-ம் ஆண்டு ஏப்ரல் 15-ம் நாள் மாலை, பாரிசின் நோத்ருதாம் பேராலயம் தீப்பற்றியபோது உலகமே துடித்தது. பொருள் வெள்ளமாய்க் குவிந்தது. 2024 டிசம்பரில் மீண்டும் திறந்தனர். அது நன்றே. அத்தீயை அணைத்து முடித்த மறுநாள் புனித லாபர் திருநாள் என்பதை அன்று எவரும் கவனித்திருக்க மாட்டார்கள். பேராலயத்திற்குப் பொருள் தந்தோருள் பத்தில் ஒருவர் தம் பாட்டனார் ஊர்க் கோவிலின் கூரையையும் நினைத்திருந்தால் எத்துணை நலம் விளைந்திருக்கும் என்று எண்ணாதிருக்க நம்மால் இயலவில்லை.

கூரையைக் காப்பாற்றியபின் அதனடியில் கூடுவோர் யார் என்னும் கேள்வி இதனினும் கடியது. பிரான்சின் நாட்டுப்புறத்தில் ஒரே குருவானவர் பல ஊர்களைக் கவனித்து வருகிறார். ஞாயிறுதோறும் எல்லா ஊரிலும் திருப்பலி இல்லை. ஊர்ப் பெண்களுள் ஒருவரோ இருவரோ சாவியை வைத்துக்கொண்டு, கதவைத் திறந்து, பூ மாற்றி, மெழுகுதிரியின் வடிந்த மெழுகைச் சுரண்டி எடுக்கின்றனர். இதே அர்த்துவா மண்ணின் சிற்றூர் ஒன்றைக் களமாக வைத்துத்தான் ஜோர்ஜ் பெர்னானோஸ் 1936-ல் ஒரு நாட்டுப்புறக் குருவின் நாட்குறிப்பு என்னும் பொருள்படும் புகழ்பெற்ற நாவலை எழுதினார். சலித்துப்போன ஓர் ஊரையும், அங்கே தனியனான ஒரு குருவையும் பற்றியது அது. அவர் எழுதியபோது குருவாவது ஊரிலேயே குடியிருந்தார்.

பெரிய நகரங்களில், தெருவில் படுத்துறங்குவோருக்குப் பணிபுரிவோர் புனித லாபரைத் தம் பாதுகாவலராகக் கருதுகின்றனர். மனநோயால் துன்புறுவோரும், அவர்களைப் பேணும் குடும்பத்தாரும் அவரிடம் மன்றாடுகின்றனர். வீட்டை விட்டுச் சென்ற மகனிடமிருந்து கடிதம் வராத பெற்றோரும் அவரிடம் செல்லலாம் என்பது நம் எண்ணம். அவர்களுக்கு அவர் கடன்பட்டவர்.

அமெத்துக்குச் செல்ல விரும்புவோர் பெத்தூன் வழியாக இரயிலில் சென்று லிலேர் நிலையத்தில் இறங்க வேண்டும். அங்கிருந்து ஊர் ஏறத்தாழ ஒன்பது, பத்துக் கிலோமீட்டர். கோதுமை விளையும் காலத்தில் வழி நெடுகப் பசுமை. பீட் கிழங்கு எடுக்கும் காலத்தில் சாலையெல்லாம் சேறு. மணிக்கூண்டு முதலில் கண்ணுக்குத் தெரியும். முதலில் கோவிலுக்குச் சென்று, அப்பால் சிலுவைப்பாதை நிலைகளைப் பின்பற்றிக் கீழே இறங்கினால் வீடு. உள்ளே நுழையுமுன் சுவரை ஒருமுறை கையால் தொட்டுப் பார்க்குமாறு வாசகர்களைக் கேட்டுக்கொள்கிறோம், மண்தான்.